அறுபத்தொரு பேருக்கு ஒரே குடும்பப் பெயர்

எனக்குக் கையெழுத்து நன்றாக வரும். பள்ளிக்கூடக் காலத்திலிருந்தே அப்படித்தான். கோயில் பதிவேட்டில் கல்யாணம் எழுத வேண்டுமென்றால் பங்குச் சாமியார் என்னைத்தான் கூப்பிட்டு அனுப்புவார். தொழிற்சாலைக்குள் இருந்த எங்கள் வங்கிக் கவுன்டரிலும் யாருக்குப் படிவம் நிரப்ப வேண்டுமானாலும் "ராயப்பன் சார்கிட்ட குடு" என்பார்கள். ஆகவே நான் சொல்லி, ஒரு காவலர் எழுதி, அதன் கீழே நான் கையெழுத்துப் போடுவதைவிட நானே எழுதித் தந்துவிடுகிறேன். அடித்தல் திருத்தல் இருக்காது. நடுநடுவே எழுந்து நடந்தால் மட்டும் கோபித்துக்கொள்ளாதீர்கள். ஜூலை மாதத்திலிருந்து என்னால் ஒரே இடத்தில் அரை மணி நேரம் உட்கார முடிவதில்லை. ஏன் என்று எழுதும்போது உங்களுக்கே தெரியும்.

எங்கள் வங்கி ஐரோப்பாவின் வடக்கே ஒரு சின்ன நாட்டைச் சேர்ந்தது. நம் கிருஷ்ணகிரி மாவட்டத்தின் ஜனத்தொகைகூட அங்கே கிடையாது. தொழிற்சாலையும் அந்த நாட்டுக்காரர்களுடையதுதான். இரண்டாயிரத்து ஏழில் பழைய இயந்திரப் பிரிவை மூடி, அறுபத்தொரு பேருக்கு விருப்ப ஓய்வு கொடுத்தார்கள். விருப்பம் யாருடையது என்று கேட்காதீர்கள். ஆளுக்கு நான்கு லட்சம், ஐந்து லட்சம், அதிகம் போனால் ஏழு லட்சம். அந்தப் பணத்தை எங்கள் வங்கியில் போடவைப்பது என் பொறுப்பு. இந்தியக் கிளையில் போட்டால் ஒன்பது சதவீதம் வட்டி. கடல் தாண்டித் தலைமை அலுவலகத்தில் போட்டால் பன்னிரண்டரை. பன்னிரண்டரையை நான் சத்தமாகச் சொன்னேன். கடல் தாண்டுகிற விவரம் படிவத்தின் நான்காம் பக்கத்தில் இருந்தது. யாரும் கேட்கவில்லை, நானும் பக்கத்தைத் திருப்பவில்லை.

சாப்பாட்டு நேரம் அரை மணி. அறுபத்தொரு பேரும் கேன்டீனில் வரிசையாக வந்து, வெற்றுப் படிவத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டுச் சாம்பார் சாதத்துக்குப் போய்விட்டார்கள். நான் சாயங்காலம் உட்கார்ந்து நிரப்பினேன். அதில் ஒரு கட்டம், குடும்பப் பெயர் என்று. காலியாக விட்டால் அந்த ஊர்க் கணினி ஏற்றுக்கொள்ளாது. நம் ஆட்களுக்கு ஏது குடும்பப் பெயர்? இனிஷியலோடு சரி. அப்பா பெயரைப் போடலாமென்றால் அது பிள்ளை காலத்தில் மாறிவிடும். தெலுங்குக்காரர்கள் வீட்டுப் பெயர் சொல்வார்கள், கன்னடக்காரர்கள் ஊர்ப் பெயர் சொல்வார்கள், ஜாதிப் பெயரைக் கேட்டால் கேன்டீனிலேயே அடிதடி நடக்கும். ஒவ்வொருவரையும் மறுபடி கூப்பிட்டுக் கேட்க இரண்டு நாள் ஆகும். மாத இலக்குக்கு ஒரு நாள்தான் மிச்சம். எல்லோருக்கும் "ஓசூர்" என்று எழுதினேன். வாடகை வீட்டுக்காரர்கள் ஆறு மாதத்துக்கு ஒரு தெரு மாறுகிறார்கள் என்று முகவரிக்கும் தொழிற்சாலையின் முகவரியையே போட்டேன். அறுபத்தொரு முறை ஒரே கையெழுத்தில், அழகாக. அந்த வருடம் எனக்கு ஒரு கேடயம் கொடுத்தார்கள். கிருபாராணி, என் மனைவி, அதை டி.வி. மேல் வைத்திருந்தாள்.

இரண்டாயிரத்து எட்டு அக்டோபரில் வங்கி மூழ்கியது. உங்களுக்குத் தெரிந்த கதைதான். அந்த நாட்டு அரசு முதலில் தன் குடிமக்களின் பணத்துக்கு மட்டும் பொறுப்பேற்றது. இந்தப் பணம் எங்கள் எல்லைக்குள் இல்லை என்று நம் பக்கத்து அதிகாரிகள் சொன்னார்கள். இரண்டு பேரும் தள்ளிவிட, நடுவில் அறுபத்தொரு பேர் ஏழு மாதம் நின்றார்கள். ஆனால் உண்மையைச் சொல்ல வேண்டும். இரண்டு நாட்டு அதிகாரிகளும் கடைசியில் நன்றாகத்தான் நடந்துகொண்டார்கள். மே மாதம் ஒப்பந்தம் போட்டார்கள். டெபாசிட் போட்ட ஒவ்வொருவருக்கும் நம் பணத்தில் பதின்மூன்று லட்சம் வரை அந்த நாட்டு நிதியே கொடுக்கும். ஆட்களைச் சரிபார்த்துச் சொல்லும் வேலை நம்முடையது. அதாவது என் ஆட்களுக்கு முழுப் பணமும் கிடைக்கும். எவ்வளவு பெரிய காரியம் என்று எண்ணிப் பாருங்கள். முகம் தெரியாத இரண்டு நாட்டுக்காரர்கள், உத்தனப்பள்ளி சென்னப்பனின் ஐந்தரை லட்சத்துக்காக மேசை போட்டுப் பேசியிருக்கிறார்கள்.

அந்த ஒப்பந்தத்தில் ஒரு விதி. ஒரே குடும்பப் பெயரும் ஒரே முகவரியும் இருந்தால் ஒரு குடும்பம், ஒரு குடும்பத்துக்கு ஒரு பங்கு. பதின்மூன்று லட்சத்தை அறுபத்தொன்றால் வகுத்தால் ஆளுக்கு இருபத்தோராயிரம் வரும். நல்ல வேளையாக அவர்களுக்கே சந்தேகம் வந்து கேட்டு எழுதினார்கள். பெங்களூரில் இருந்து இரண்டு பக்கத்தையும் இணைத்துக்கொண்டிருந்தவர் மோகனப்ரியா என்ற அதிகாரி. சின்ன வயது, சேலத்துப் பெண். போனில் சொன்னார்: "சார், அறுபத்தொரு பேரும் ஒரே ஃபேமிலியான்னு அங்க கேக்கறாங்க. நீங்க ஆளுங்கள நேர்ல தெரிஞ்சவரு. நீங்க எழுதிக் குடுத்தா அப்படியே அனுப்பிடறேன். உங்க ஒரு கையெழுத்த ரெண்டு நாடும் ஏத்துக்கும்."

இதற்கு நாற்பது நாள் அவகாசம் இருந்தது. அந்த நாற்பது நாளும் நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். அறுபத்தொரு குடும்பம் என்றால் அடுத்த கேள்வி என்ன? படிவத்தை யார் நிரப்பியது, ஏன் இப்படி, நான்காம் பக்கத்தை யாருக்காவது காட்டினீர்களா. ஒவ்வொருவரையும் கூப்பிட்டு விசாரிப்பார்கள். வங்கி மூழ்கிய பிறகும் சம்பளம் வாங்கிக்கொண்டிருந்தவன் ஓசூரில் நான் ஒருவன்தான், இந்தச் சரிபார்க்கும் வேலைக்காக. என் மகள் ரெனிட்டாவுக்கு அப்போதுதான் பெங்களூரில் நர்சிங் சீட்டு கிடைத்திருந்தது. எனக்குச் சோறு இறங்கவில்லை. ராத்திரி படுத்தால் நெடுஞ்சாலை லாரிச் சத்தம் மண்டைக்குள் ஓடும். அலுவலகத்தில் ஜன்னலுக்கும் கதவுக்கும் நடந்தே தேய்ந்தேன். போன் அடித்தால் ஓடிப்போய் எடுப்பேன், அடிக்காவிட்டால் லைன் இருக்கிறதா என்று எடுத்துப் பார்ப்பேன். குற்றம் செய்கிறவனுக்கு இவ்வளவு மனசாட்சி இருக்குமா என்று நீங்களே யோசியுங்கள்.

இப்போது சென்னப்பனைப் பற்றி. அவர் உத்தனப்பள்ளியில் ரோஜாக் கொட்டகை போட முன்பணம் கொடுத்திருந்தார். இரும்புக் குழாய் நட்டாயிற்று, மேலே போடும் பிளாஸ்டிக் ஷீட்டுக்கும் செடிக்கும் இந்தப் பணம்தான். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து நான் வீட்டுக்கு வரும்போது வாசலில் நிற்பார். கிருபாராணி காபி கொடுப்பாள். "சார், குழாய் நட்டு பத்து மாசம் ஆச்சு. மழையில துருப்புடிக்குது. அந்த ஊருக்காரங்க குடுத்துருவாங்களா?" என்பார். பேசிக்கொண்டிருக்கிறார்கள் என்பேன். "நீங்க இருக்கறப்ப எனக்கு இன்னா பயம்" என்று டம்ளரைக் கழுவி வைத்துவிட்டுப் போவார். எங்கள் வீட்டில் யாரும் அவரைக் கழுவச் சொன்னதில்லை.

ஜூலை மூன்றாவது ஞாயிறு அவர் வேறு மாதிரி பேசினார். பெங்களூர் அலுவலகத்துக்கு அவரே போய், அந்த அம்மாவைப் பார்த்து, ஒரு மனு கொடுக்கப் போவதாகச் சொன்னார். நான் அவருடைய நிலைமையைத்தான் யோசித்தேன். ஐம்பத்து நான்கு வயது மனிதர் பஸ் ஏறி, கன்னடத்தில் வழி கேட்டு, எதற்கு அலைய வேண்டும்? ஜூஜுவாடியில் ஒரு லாரி நிறுத்துமிடத்தில் காவலாளி வேலை காலியாக இருந்தது. முதலாளி எனக்குப் பழக்கம். ராத்திரி எட்டு மணிக்கு ஏறினால் காலை எட்டுக்கு இறங்கலாம், வாரத்தில் ஏழு நாளும். லீவு கிடையாது என்று முதலாளியே சொல்லிவிட்டார். அதுதான் நல்லது என்றேன். சென்னப்பனின் மனைவி வெள்ளையம்மா வந்து என் காலைத் தொட்டுக் கும்பிட்டாள். ஓர் உதவி செய்த திருப்தி எனக்கு இருந்தது, பொய் சொல்ல மாட்டேன்.

ஆகஸ்டு ஐந்தாம் தேதி காலை வேலை முடிந்து நெடுஞ்சாலையைக் கடக்கும்போது அவர் மேல் லாரி ஏறிவிட்டது. இரண்டு வாரமாகத் தூக்கம் இல்லாத மனிதர். அந்த இடத்தில் எத்தனை பேர் அடிபட்டிருக்கிறார்கள் என்று உங்கள் காவல் நிலையத்திலேயே கணக்கு இருக்கும். அது விபத்து, அதை என் தலையில் கட்டுவது நியாயமில்லை. சாவு வீட்டுக்குப் போனேன். மாலை என் செலவு. வெள்ளையம்மா அழவில்லை. கொட்டகைக் குழாயைப் பிடித்துக்கொண்டு நின்றவள், "வேல வாங்கிக் குடுத்தீங்களே சார்" என்று மட்டும் சொன்னாள். நன்றி சொல்கிறாளா வேறெதுவுமா என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. திரும்பி வரும்போது கணக்குப் பார்த்தேன். நாற்பது நாளில் இன்னும் பத்து நாள் இருந்தது.

ஆகஸ்டு பதினைந்து கொடியேற்றி மிட்டாய் கொடுத்தார்கள். அத்தோடு அவகாசம் முடிந்தது. அக்டோபரில் காசோலைகள் வந்தன, ஆளுக்கு இருபத்தோராயிரம். அந்த நாட்டுக்காரன் ஏமாற்றிவிட்டான் என்று எல்லோரும் தொழிற்சாலை வாசலில் கத்தினார்கள். நான் அவர்களைச் சமாதானப்படுத்தினேன். வெள்ளைக்காரனை நம்பினால் இப்படித்தான் என்று ஒருவர் சொன்னபோது தலையாட்டவும் செய்தேன். பாவம், அவர்களுக்கு யாரையாவது திட்ட வேண்டியிருந்தது.

வெள்ளையம்மா கத்தவில்லை. காசோலையோடு வந்த ஆங்கிலத் தாளில் ஒரே குடும்பம் என்று அறுபத்தொரு பெயர் இருந்தது. அதை எடுத்துக்கொண்டு பஸ் ஏறி, பெங்களூர் போய், மோகனப்ரியாவின் மேசையில் வைத்திருக்கிறாள். என்ன கேட்டாள் என்பதை மோகனப்ரியாவே எனக்கு போனில் சொன்னார். "எங்க மாமியாளுக்கு எங்க வூட்டாரு ஒரே புள்ளம்மா. இதுல இருக்கற மத்த அறுபது பேரையும் யாரு பெத்தது?"

அதன் பிறகுதான் நீங்கள் வந்தீர்கள். மோகனப்ரியாவை இதில் இழுக்காதீர்கள். அவர் என்னை நம்பினார், அவ்வளவுதான். அந்த நாட்டு அதிகாரிகளிடமும் தப்பில்லை. கேட்க வேண்டியதைக் கேட்க வேண்டிய ஆளிடம் கேட்டார்கள். சென்னப்பன் பெங்களூர் போகாமல் இருக்கத்தான் அந்த வேலையை வாங்கிக் கொடுத்தேன் என்று எழுதிக்கொள்வதானால் எழுதிக்கொள்ளுங்கள். நான் மறுக்கப் போவதில்லை. ஆனால் அவர் சாக வேண்டும் என்று நான் நினைத்ததே இல்லை. மற்ற அறுபது பேரும் நன்றாக இருக்க வேண்டும் என்றுதான் இன்றும் செபம் செய்கிறேன்.

ஒன்றை மட்டும் திருத்திவிடுகிறேன். நாற்பது நாள் மனப் போராட்டத்துக்குப் பிறகு பதில் எழுதினார் என்று என் வக்கீல் சொல்லப் போகிறாராம். கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் உண்மை அதுவல்ல. அந்த நாற்பது நாள், எழுதிக் கொடுத்த பதிலைத் திரும்பப் பெற அவர்கள் தந்த அவகாசம். கேள்வி ஜூலை ஆறாம் தேதி காலை பத்து நாற்பதுக்கு ஃபேக்ஸில் வந்தது. "ஆம், இவர்கள் அனைவரும் ஒரே குடும்பத்தினர்" என்று எழுதி, கையெழுத்திட்டு, பதினொன்று ஐந்துக்கு அனுப்பிவிட்டேன். எந்தக் கடிதத்தையும் மேசையில் தூங்கவிடுகிற பழக்கம் எனக்குக் கிடையாது.