கை தட்டும் வேஷம்

வாழைச்சேனை பஸ்ஸில், கருவாட்டுக் கூடையோடு இருந்த பெண்ணிடம் பின்சீட்டு நாடகக்காரர் சொன்னார்:

“ஆம்புளையாப் பொறந்து சீல உடுத்த ஒன்னப்போலதான் நாடகத்தில என்ட வேசம். கை தட்டித் தட்டி நடப்பன், சனம் உருண்டு சிரிக்கும். நாளைக்கு அமிர்தகழித் திருவிழாவில போடுறம். நீயும் பாக்க வா கா.”

“நான் எப்ப கை தட்டி நடந்தனான்?”

“இந்தியாப் படத்தில அப்பிடித்தான்.”

“வருசா வருசம் அங்க கும்பிடப் போறவள் நான். ஒங்கட நாடகம் முடிஞ்ச மறுகா, என்னக் கண்ட இடமெல்லாம் சனம் கை தட்டும். அத யோசிச்சீங்களா?”

“சும்மா பகிடிக்குத்தானே.”

“நானும் கை தட்டுறனான்தான். கருவாட்டில காகம் குந்தினா.”

திரும்பி, அவர் மூக்குக்கு நேரே படாரென்று ஒரு தட்டு. “சூ!”

பஸ்ஸே உருண்டு சிரித்தது. நாடகக்காரருக்கு வேண்டிய சிரிப்பு ஒரு நாள் முந்தியே கிடைத்துவிட்டது.