மேற்கு ராஜ வீதியில் ரோடு ரோலரை மாலையுடன் ஓட்டிச் சென்றது சம்பந்தமாக

என் பெயர் மயில்வாகனம், தகப்பனார் பெயர் தணிகாசலம், வயது ஐம்பத்தெட்டு. காஞ்சிபுரம் செவிலிமேட்டில் மனைவி ரேணுகாம்பாளுடன் வசித்து வருகிறேன். அரசுச் சாலைப் பணியில் ரோடு ரோலர் டிரைவராக இருந்து 1971ஆம் வருடம் ஓய்வு பெற்றேன். எனக்குப் பதிலாக வேறு ஆள் போடாததால் அதே மாதம் என்னையே ஒப்பந்தத்தில் கூப்பிட்டு வைத்துக்கொண்டார்கள். அது முதல் அதே ரோலரை ஓட்டி வருகிறேன்.

ஒப்பந்தத்தில் சேர்ந்த பிறகு எனக்குப் பஞ்சப்படி கிடையாது, உடம்பு சரியில்லாமல் நின்றால் சம்பளமும் கிடையாது என்று ஆனது. போன வருடம் மழைக்காலத்தில் ரேடியேட்டர் வெந்நீர் பட்டு வலது கை வெந்து வீட்டில் இருந்தேன். கட்டுப் பிரித்து வேலைக்குத் திரும்பியபோது, வீட்டில் இருந்த நாட்களுக்கெல்லாம் சம்பளம் பிடித்திருந்தார்கள். அதன் பிறகு ஓவர்சியர் பூவராகவன் அவர்களிடம் போய்க் கேட்டதற்கு, "ஒப்பந்த ஆளுக்கு படி ஏதுப்பா? வயசான காலத்துல வேலை குடுத்துக்கினு இருக்கோமே, அத்தப் பாரு" என்றார். வீட்டில் சொன்னதும் என் மனைவி, "ரோடு அதே ரோடு, கல்லு அதே கல்லு. கை வெந்தா ஒப்பந்தக்காரனுக்கு வலிக்காதாமா?" என்று கேட்டாள்.

அதன் பிறகு அவளே என்னைச் சென்னைக்குக் கூட்டிப்போய் வக்கீலைப் பார்த்து வழக்குப் போட வைத்தாள். ஒவ்வொரு வாய்தாவுக்கும் புளிசாதம் கட்டிக்கொண்டு இருவரும் பஸ்ஸில் போய் வந்தோம். வழக்குப் போட்டவனுக்கு ஒப்பந்தத்தைப் புதுப்பிக்க மாட்டார்கள் என்று அலுவலகத்தில் பேச்சு நடந்தது. என்னைப் போலவே ஓய்வுக்குப் பின் ஒப்பந்தத்தில் இருக்கும் லாரி டிரைவர் அந்தோணி, பயத்தில் என்னோடு டீ குடிக்க வருவதை நிறுத்திவிட்டார்.

நேற்று வியாழக்கிழமை தீர்ப்பானது. ஓய்வு பெற்றவரானாலும் அதே வேலையைச் செய்கிறவருக்கு அதே படியும் விடுப்பும் உண்டு, ஒப்பந்தத்தில் எழுதி வாங்கி அதைப் பறிக்க முடியாது என்று நீதிபதி சொன்னார். இங்கிலீஷில் சொன்னதால் வக்கீல் விளக்கிய பிறகுதான் எனக்குப் புரிந்தது. என் மனைவி எதிர்க்கட்சி வக்கீலின் முகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டதாகச் சொல்கிறாள்.

இன்று மேற்கு ராஜ வீதியில் ஜல்லி சமன் செய்யும் வேலை. போய்ப் பார்த்தால் அந்தோணி ரோலருக்குச் சாமந்தி மாலை போட்டுவிட்டு, இரண்டு கையிலும் டீ கிளாஸோடு நின்றுகொண்டிருந்தார். பூவராகவன் அவர்களும் வந்து என் தோளைப் பிடித்துக்கொண்டு, "தை மாசம் நானும் ரிட்டயர்டு. எனக்கும் சேத்து கெலிச்சிட்டியேப்பா" என்றார். அந்த நேரத்தில் சாப்பாடு கொண்டுவந்த என் மனைவியை அந்தோணி ரோலரில் ஏற்றிவிட்டார். இத்தனை வருடத்தில் அவள் அதில் ஏறியது அதுதான் முதல் தடவை. கல்யாண வீட்டிலிருந்து திரும்பிக்கொண்டிருந்த நாயனக்காரர்கள் விஷயத்தைக் கேட்டுத் தாங்களாகவே வாசிக்க ஆரம்பித்தார்கள். நானும் ஏறி ஓட்டத் தொடங்கினேன், நிறுத்த மனம் வரவில்லை. வேலை நடந்த இடத்தைத் தாண்டி காமாட்சியம்மன் கோயில் பக்கமாக ஓட்டினேன்.

பின்னால் வந்த டவுன் பஸ் வழியில்லாமல் நின்றது உண்மை. அதில் இருந்தவர்கள் இறங்கி நடந்து எங்களைத் தாண்டிப் போனார்கள். சிலர் என்ன விசேஷம் என்று கேட்டுவிட்டுப் போகாமல் கூடவே வந்தார்கள். யாருக்கும் காயமில்லை. காவலர் கை காட்டியதும் நிறுத்திவிட்டேன். அவரும், "பென்ஷன் வாங்கறவங்களுக்கும் படி உண்டுன்னா தீர்ப்பு?" என்று இரண்டு தடவை கேட்டுக்கொண்ட பிறகே சாவியை வாங்கினார்.

அனுமதி இல்லாமல் ஓட்டியதற்கு விதிக்கிற அபராதத்தைக் கட்டுகிறேன். என் மனைவியை வழக்கில் சேர்க்க வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். ஆனால் அவள், வழி நெடுக ஹாரன் அடித்தது தான்தான் என்றும், தன் பெயரையும் சேர்த்தே ஆக வேண்டும் என்றும் சொல்லி ஸ்டேஷன் வாசலில் உட்கார்ந்திருக்கிறாள்.

மேலே கண்டது முழுவதும் நான் என் வாயால் சொன்னது. படித்துக் காட்டக் கேட்டேன். கூடுதலும் இல்லை, குறைவும் இல்லை, நடந்தது நடந்தபடியே இருக்கிறது. ரேணுகாம்பாள் சொல்வதைத் தனியாக எழுதிக்கொள்ளவும்.

(ஒப்பம்) த. மயில்வாகனம்