டெஸ்மண்டைச் சாகவிடாத வெரிட்டி அம்மையாருக்கு

கொலைக் கதைகளின் கோமகளே! திகில் புனைந்து தேசத்தின் தூக்கம் கெடுத்த தீரமே! மார்ல்ஸ்டோ கடற்கரையின் கண்ணியம் மிக்க கொலைகாரியே! வணக்கம்.

எழுத்துப் பணியிலிருந்து ஓய்வு பெறும் தங்களை, தங்கள் கையால் மாண்டு மகிழ்ந்த நாங்கள், உயிர்காப்புப் படகு நிலையத்தின் இந்தக் கூடத்தில் ஒன்றுகூடி வாழ்த்துகிறோம். இம்மடலை எழுதிப் படிப்பவள் ரொட்டிக்கடை மோரீன். தங்கள் ஏழாவது நாவலில், மாவு பிசையும் இயந்திரத்தின் அருகே கழுத்து நெரிக்கப்பட்டவள். இன்றைக்கும் அதில் எனக்குப் பெருமைதான்.

கேள்வி கேட்டே எங்களைக் கிறுகிறுக்க வைத்த ஆர்வத்தின் அரசியே! பிணம் ஒன்றை என் கடைக் குளிர்ப்பெட்டியில் மடக்கி வைக்க முடியுமா என்று, வாடிக்கையாளர்கள் வரிசையில் நிற்கும்போதே அளவெடுத்தீர்கள். இதய மாத்திரை எத்தனை போட்டால் பழக்கூழில் கசப்புத் தெரியாது என்று மருந்துக்கடையில் விசாரித்தீர்கள். மருந்துக்கடைக்காரர் பதறிப்போய்க் காவலருக்குத் தொலைபேசினார். காவலரோ, “என்கிட்ட போன வாரமே கேட்டுட்டாங்க, விடுங்க” என்று சொல்லிவிட்டார்.

ஆகஸ்டு திருவிழாதோறும் படகுக்காரர் தொப்பியில் ஊரார் பெயர்களைப் போட்டுக் குலுக்குவோம். வரும் பெயருக்கு உரியவர் தங்கள் அடுத்த நாவலில் சாக வேண்டும். பெயர் வராதவர்கள் ஆண்டு முழுக்க முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு திரிவார்கள். நஞ்சுண்டு மாண்ட எங்கள் பாதிரியார்கூட, தமக்கு ஒரே அத்தியாயம்தான் ஒதுக்கினீர்கள் என்று இன்றும் குறைப்பட்டுக்கொள்கிறார்.

ஆனால் டெஸ்மண்ட் பாஸ்க் கதை வேறு. படகின் பழைய தலைவரான அவர் பெயர் மூன்று முறை வந்தது, மூன்று முறையும் பிழைத்தார். மலைமுகட்டிலிருந்து தள்ளினீர்கள், முட்புதர் தாங்கியது. சுட்டீர்கள், குண்டு புகையிலைப் பெட்டியில் பட்டது. தேநீரில் விஷம் வைத்தீர்கள், அன்று பார்த்து அவர் காப்பி கேட்டார். ஊரே தலையைப் பிய்த்துக்கொண்டது. டெஸ்மண்ட் என் கடையில் தங்களை மடக்கினார்.

“பாதிரியாரையே போட்டுத் தள்ளிட்ட. சாகறதுக்குக்கூட நான் லாயக்கில்லையா, வெரிட்டி?”

“உன் ரொட்டி ஆறுது, எடுத்துட்டுக் கிளம்பு” என்றீர்கள்.

இந்த வசந்தத்தில், கண் மங்கிவிட்டது, அடுத்ததே கடைசி நாவல் என்று அறிவித்தீர்கள். டெஸ்மண்டின் இதயத்தைப் பற்றி மருத்துவர் கையை விரித்ததும் அதே வாரம்தான். அவர் மறுபடி என் கடையில் தங்களிடம் வந்து கேட்டார், இம்முறை கோபமில்லாமல். தாங்கள் முதல்முறையாக வாய் திறந்தீர்கள்.

“முதல் புத்தகத்துல உன்னைக் கடல்ல மூழ்கடிச்சேன், டெஸ்மண்ட். காலைல எழுதி முடிச்சேன். மத்தியானம் நீ படகுத் துறையில விழுந்து, நெஞ்சு நின்னுபோய், பசங்க அமுக்கி அமுக்கி எழுப்பினாங்க. அந்த அத்தியாயத்தை அடுப்புல போட்டுட்டேன். எனக்கு இதுலெல்லாம் நம்பிக்கை கிடையாது. ஆனா இன்னொரு தடவை எழுதிப் பாக்கத் தைரியம் வரல.”

கொலையை ரொட்டிக்கு வெண்ணெய் தடவுவதுபோல் செய்துவந்த தங்களுக்குள் இப்படியொரு பயம் இருக்குமென்று எங்களில் எவருக்கும் தோன்றியதில்லை.

“அப்ப நீ எழுதறத நிறுத்திட்டா என்னை யாரு பாத்துக்கறது?” என்றார் அவர். வேடிக்கையாகத்தான் சொன்னார். தாங்களோ வாங்கிய ரொட்டியை மேசையிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டீர்கள். எனக்கு அன்று முழுக்க மனசே சரியில்லை.

போன வாரம் புத்தகம் வந்தது. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், எல்லாருமே கடைசிப் பக்கத்தைத்தான் முதலில் படித்தோம். கொலைகாரன் பிடிபட்டுவிட்டான். டெஸ்மண்ட் கெட்டிலில் தண்ணீர் நிரப்பி அடுப்பில் வைத்து, வந்தவரிடம் சர்க்கரை எத்தனை என்று கேட்கிறார். அதோடு நாவல் முடிகிறது. அச்சில் ஒரு பக்கம் விட்டுப்போனதென்று பாதிரியார் புத்தகத்தைக் கடைக்கே திருப்பிக் கொண்டுபோனார். டெஸ்மண்டுக்கு மட்டும் புரிந்தது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே சொன்னார்:

“தண்ணி இன்னும் கொதிக்கல, மோரீன். கொதிக்கற வரைக்கும் நான் எங்கயும் போக முடியாது.”

அருமைக்குரிய அம்மையாரே, நலமோடும் வளமோடும் நெடுநாள் வாழ்க என்று வாழ்த்தி மடலை முடிப்பதே முறை. நாங்கள் எழுத்தாளர்கள் அல்லர். என்றாலும் தங்களிடம் ஒரு வித்தை கற்றுக்கொண்டோம். இந்த மடலில் தாங்கள் சன்னலோர நாற்காலியில் அமர்ந்திருக்கிறீர்கள். வெளியே கடல் அமைதியாக இருக்கிறது. டெஸ்மண்ட் கோப்பையோடு வந்து குனிந்து கேட்கிறார்: “வெரிட்டி, சர்க்கரை எத்தனை?”

தயவுசெய்து பதில் சொல்லிவிடாதீர்கள். மடலை இப்படியே சட்டம் போட்டுச் சுவரில் மாட்டப்போகிறோம்.

இவண்,
தங்களால் கொலையுண்டோர் அனைவரும்,
இன்னும் உயிரோடிருக்கும் டெஸ்மண்ட் பாஸ்க்கும்
மார்ல்ஸ்டோ