போன வருசத்து ஆட்டம்

அருள்சாமி: காஸ்பரு... ஸ்பீக்கர்ல ஓடறது போன வருச ஃபுட்பால் மேட்ச்சுதானே?

காஸ்பர்: மெள்ள பேசு. மொதல்ல கதவ சாத்து.

அருள்சாமி: பங்கு சாமியாரு டேப்பு மிஷினு சுத்திக்கினு இருக்குது... இன்னிக்கி ஆட்டம் ரேடியோவுல ஓடிக்கினு இருந்துதே, அதுக்கு இன்னா ஆச்சு?

காஸ்பர்: நாந்தான் நிறுத்தினேன். நம்ம ஊரு தங்கராசு ஆடறப்பவே விழுந்துட்டாண்டா.

அருள்சாமி: எங்க... மெட்ராஸ் கிரவுண்டுலயா?

காஸ்பர்: ஆமா. ஆட்டம் தொடங்கி கொஞ்ச நேரத்துலயே. அவங்கம்மா வெளிய ஸ்பீக்கருக்குக் கீழயே நிக்குது. அத்தினி ஜனத்துக்கு நடுவுல அத எப்பிடி கேக்க வுடறது?

அருள்சாமி: அடி பலமா?

காஸ்பர்: கால்தான்.

அருள்சாமி: கால்தானேன்னா சொல்லிட்டுப் போறது. இதுக்கா ரேடியோவ நிறுத்தின? ஜனம் கண்டுபுடிச்சா நம்ம ரெண்டு பேரையும் ராஜகிரிக் கோட்டை மேலேர்ந்து உருட்டி வுட்டுடும்.

காஸ்பர்: எவன் கண்டுபுடிப்பான்? போன வருசம் ஆட்டத்தன்னிக்கி அமாவாசை. செஞ்சியே மேல்மலையனூர் அம்மன் கோயிலுக்குப் போயிட்டுது. இன்னிக்கும் அதே பெங்களூர் டீமுதான். அன்னிக்கி தங்கராசு கோல் போட்டப்ப கை தட்ட நீயும் நானுந்தான் இருந்தோம்.

அருள்சாமி: ரேடியோ முன்னால மைக்க வெச்சுத்தானே புடிச்சோம்... ஐயோ, அந்த அமாவாசை ஸ்பெஷல் பஸ்ஸு.

காஸ்பர்: எந்த பஸ்ஸு?

அருள்சாமி: கண்டக்டரு நம்ப வாசல்ல நின்னு "மலையனூர், மலையனூர்"னு கத்தினான் இல்ல... அதுவும் டேப்புல இருக்குது. கோலுக்கு அப்பறம் வரும். நிறுத்து.

காஸ்பர்: கோல் போட்டாச்சு. வெளிய பட்டாசு கொளுத்தறாங்க. இப்ப போயி நிறுத்தினா...

அருள்சாமி: வந்துட்டுது. கேளு... கத்தறான்.

காஸ்பர்: மாதாவே... இந்தப் பட்டாசு சத்தத்துல யாருக்கும் கேட்டிருக்காது.

அருள்சாமி: யாரோ கதவ தட்டறாங்க.

ரத்தினம்மாள்: காஸ்பரு, தொற. தங்கராசு அம்மா வந்திருக்கேன்.

காஸ்பர்: வாக்கா... கேட்டியா, உம் புள்ள கோல் போட்டுட்டான்.

ரத்தினம்மாள்: இன்னிக்கி அமாவாசையா? தெருவுல ஒரு பஸ்ஸும் இல்ல. ஸ்பீக்கர் கொழாயில கண்டக்டரு மலையனூர்னு கத்தறான். இது பழைய ஆட்டம். எம் புள்ளைக்கு இன்னா ஆச்சு?

அருள்சாமி: கால்லதான்க்கா அடி. பயப்படாத.

ரத்தினம்மாள்: நீ இரு. அவன் சொல்லட்டும். காஸ்பரு, எம் மூஞ்சப் பாத்து சொல்லு.

காஸ்பர்: தலையிலக்கா. பந்த முட்டப்போயி கோல் கம்பத்துல மோதிக்கினான். அசையாம கெடக்கறான்னு ரேடியோவுல சொன்னாங்க.

ரத்தினம்மாள்: அப்பறம்... அப்பறம் இன்னா சொன்னாங்க?

காஸ்பர்: எனுக்குத் தெரியாதுக்கா. அத கேக்க பயந்துக்கினுதான் ரேடியோவ நிறுத்தினேன்.