எபனேசர் சார் வார்த்தை

— பி, ஏ, எல், டி, ஈ, ஆர். அவ்வளவுதான் சார். இந்த ஒத்த வார்த்தைக்கு அர்த்தம் கேட்டுத்தான் வந்தேன்.

— பால்ட்டர்! ஏ இன்பமணி, இங்கன வந்து கேளு! முப்பத்திரண்டு வருஷம் பள்ளிக்கூடத்துல இங்கிலீஷ் சொல்லிக் குடுத்தேன். ஒரு பய இந்த வார்த்தைக்கு அர்த்தம் கேட்டு நம்ம படி ஏறினதில்ல. இந்தப் பொண்ணு ஏறியிருக்கு.

— எனக்கு அடுப்புல குழம்பு கொதிக்கு. நீங்களே கேட்டுக்கிடுங்க.

— அவ கெடக்கா. வீட்டுல உப்பு இருக்கான்னு கேக்கதுக்கு மட்டுந்தான் அவளுக்குப் பேச்சு. உக்காரும்மா. பேரு என்ன சொன்ன?

— ஜெயசெல்வி சார். கிருபாநிதி வீட்டுக்காரி. அவுக உங்ககிட்ட படிச்சவுக.

— கப்பல் சரக்குக் கணக்கு எழுதுற நம்ம டாலி கிளார்க் கிருபாநிதியா? அவன் எங்க, வரலையா?

— தெருமுக்குல சைக்கிளோட நிக்காக சார். உள்ள வாங்கன்னு எவ்வளவோ கூப்பிட்டுப் பாத்தேன். சார் முன்னால உக்காரக் கூச்சமா இருக்கு, நீயே கேட்டுட்டு வான்னுட்டாக.

— கூச்சமா? அவனுக்கா?

— இன்பமணி, நீ குழம்பைப் பாரு. கவனிம்மா. இது பழைய வார்த்தை. வெள்ளைக்காரனே மறந்துட்டான். சின்ன டிக்ஷனரியில தேடினா ஆப்பிடாது.

— பாத்தோம் சார். ஆபீஸ் டிக்ஷனரியிலயும் இல்ல.

— எப்படி இருக்கும்? 'சீட்'னா ஏமாத்துறது, 'லை'னா பொய் சொல்லுறது. அது எல்லாவனுக்கும் தெரியும். பால்ட்டர்ங்கிறது வேற சாதி. அவன் பொய் சொல்ல மாட்டான். ஆனா உண்மையும் வெளிய வராது. வார்த்தையை வழுக்க விட்டு, கேக்குறவனையே தப்பா நினைக்க வச்சுருவான். இப்ப மீன் ஏலத்துல ஒருத்தன், 'இன்னைக்குக் காலையிலதான் கரைக்கு வந்துச்சு'ன்னு சீலா மீனைக் காட்டுதான். கரைக்கு வந்தது இன்னைக்குத்தான், மெய். பிடிச்சது முந்தாநாள். அதை அவன் சொல்லலை, நீயும் கேக்கலை. புது மீன்னு நீயா நினைச்சு வாங்கிட்டுப் போற. அவனைப் பொய்யன்னு சொல்ல முடியுமா?

— முடியாது. ஆனா ஏமாந்தது ஏமாந்ததுதான்.

— அதேதான்! நல்ல புத்திசாலியா இருக்க. இன்னொண்ணு கவனி. யாரை ஏமாத்துதானோ அவன் பேரு கூடவே வரணும். நம்பினவனோட பால்ட்டர் பண்ணுதான், அப்படி. சும்மா 'சீட்'னு எழுதினா சந்தைக்கடைச் சண்டை மாதிரி இருக்கும். 'பால்ட்டர்'னு போட்டுப் பாரு, படிக்கிறவன் நிமிந்து உக்காருவான்.

— உக்காந்தாரு சார். மேனேஜர் நிமிந்துதான் உக்காந்தாரு.

— எந்த மேனேஜரு?

— அவுக வேலை பாக்குற கப்பல் ஏஜெண்டு ஆபீஸ் மேனேஜரு. புது ஹார்பர்ல அதே ஆபீஸ்ல ஸ்டெனோ வேலைக்கு என்னை எடுத்திருந்தாக. திங்கக்கெழமை சேரணும். அதுக்குள்ள ஒரு மொட்டைக் கடுதாசி வந்துட்டு. டைப் அடிச்சது, கையெழுத்து இல்ல. மேனேஜர் என்னைக் கூப்பிட்டு வச்சு வாசிக்கச் சொன்னாரு. நிக்க வச்சு வாசிக்கச் சொன்னாரு சார், அடுத்த மேசையில ரெண்டு பேரு கேட்டுக்கிட்டு இருக்காக.

— என்ன எழுதியிருந்துச்சு?

— 'இந்தப் பெண் டைப்ரைட்டிங் மாஸ்டருடன் ஊர் சிரிக்கும்படி பழகியவள். இவள் கணவன் ஒன்றும் அறியாத அப்பாவி. தன்னை நம்பியவர்களோடு பால்ட்டர் செய்தவள், நாளைக்கு உங்களோடும் பால்ட்டர் செய்வாள்.' நான் தமிழ்ல சொல்லுதேன். அதுல எல்லாம் இங்கிலீஷ். ஜோரான இங்கிலீஷ்.

— அந்தக் கடைசி வரி... அதை இன்னொரு வாட்டி சொல்லும்மா.

— எதுக்கு? உங்களுக்கே தெரியாதா? எனக்கு மனப்பாடம் ஆயிட்டு. நாலு நாளா தொண்டைக்குக் கீழ சோறு இறங்கலை. அந்த மாஸ்டருக்கு அறுபத்தஞ்சு வயசு சார். ஒரு காது கேக்காது. 'தாயி, வேகம் பத்தாது, தாயி, வேகம் பத்தாது'ன்னு கத்துவாரு, அதுக்கு மேல ஒரு வார்த்தை பேச மாட்டாரு. பிள்ளையை மாமியார்கிட்ட விட்டுட்டு, பால் கட்டி நெஞ்சு வலிக்க வலிக்க உக்காந்து அடிச்சேன். ஹையர் கிரேடுல பாஸ் பண்ணினேன். அதைப் போயி இப்பிடி எழுத ஒரு மனுஷனுக்கு கை வருமா?

— வராதும்மா. வரக்கூடாது.

— உங்களுக்கு வந்திருக்கே!

— என்ன?

— நான் அர்த்தம் கேக்க வரலை சார். மேனேஜர் ஒரு வார்த்தை சொல்லியிருக்காரு. 'எழுதினது யாரு, உனக்கும் அந்த ஆளுக்கும் என்ன விரோதம்னு நாளைக்குப் பத்து மணிக்குள்ள வந்து சொல்லு. இதைக் கிழிச்சுப் போட்டுட்டு உன்னைச் சேத்துக்கிடுதேன். சொல்லலைன்னா ரெண்டாவதா நின்ன பொண்ணைக் கூப்பிடுவேன்'ங்காரு. அந்த ரெண்டாவது பொண்ணு யாருன்னு உங்களுக்குத் தெரியுமா?

— தெரியும்.

— சொல்லுங்க.

— ஞானதீபம்.

— உங்க வீட்டம்மாவுக்குத் தங்கச்சி மக.

— ஏளா, நிறுத்து! யாரு வீட்டுல வந்து யாரைப் பாத்து என்ன பேசுத? எங்க தங்கச்சி மகளுக்காக இவுக மொட்டைக் கடுதாசி போட்டாகளாக்கும்?

— வேற யாரும்மா போடுவா? முப்பத்திரண்டு வருஷமா இதுக்கு அர்த்தம் கேட்டு ஒருத்தனும் வரலைன்னு இப்பத்தான சொன்னாக? அப்ப இந்த ஊர்ல வேற யாருக்கு இந்த வார்த்தை தெரியும்? நாசரேத்துல படிச்ச இங்கிலீஷ், பெரிய இங்கிலீஷ்! அது ஒரு பொம்பளை மானத்தைத் திங்கத்தானா?

— ஜெயசெல்வி, நான் சொல்லுததைக் கொஞ்சம் கேளு.

— என் பேரைச் சொல்லாதீக.

— அந்த வார்த்தை என்னோடதுதான்.

— ஒத்துக்கிட்டீகளா!

— வார்த்தை என்னோடதுதான்னேன்.

— அப்ப கடுதாசி?

— அப்படியே வச்சுக்க. நாளைக்குப் போயி என் பேரைச் சொல்லு. வேலையில சேரு. இப்ப எந்திரிச்சுப் போம்மா.

— என்னத்த அப்படியே வச்சுக்கிட? உங்களுக்குக் கிறுக்கு பிடிச்சுட்டா? ஹார்பர் ஆபீசருக பிள்ளைக டியூஷனுக்கு வாரதுலதான் இந்த வீட்டுல உலை கொதிக்கு. மொட்டைக் கடுதாசி போட்ட வாத்தியார்கிட்ட எவன் பிள்ளையை அனுப்புவான்? ஞானதீபம் கதி என்ன?

— இன்பமணி, நீ உள்ள போ.

— போக மாட்டேன். அடுப்பை அணைச்சுட்டுத்தான் வந்திருக்கேன். பொய்யும் சொல்லாம மெய்யும் சொல்லாம இப்ப நீங்க ஒண்ணு பண்ணுதீகளே, அதுக்குத்தான அந்த இங்கிலீஷ் வார்த்தை? ஏளா, நல்லாப் பாரு. இந்த வீட்டுல டைப் மிஷின் இருக்கா?

— கடையில குடுத்து அடிச்சிருப்பாக.

— போன மாசம் ஞாயித்துக்கெழமை, கோயில் முடிஞ்சு வந்து சீலைகூட மாத்தலை. ஒருத்தன் வந்தான். அரைக்கிலோ மஸ்கோத்து அல்வா வாங்கிட்டு வந்தான். சட்டைப் பையில இருந்து ஒரு துண்டுக் காகிதத்தை எடுத்து, 'சார், எங்க ஆபீஸ்ல ஒருத்தன் திருட்டுத்தனம் பண்ணுதான், மேலிடத்துக்கு எழுதிப் போடணும், ஒரு வரி திருத்திக் குடுங்க'ன்னான். இவுகளுக்குக் கேக்கணுமா? ஓடிப் போயி கண்ணாடியை மாட்டினாக.

— இன்பமணி, உனக்குப் புண்ணியமாப் போகும், விட்டுரு.

— அவன் 'சீட்'னு எழுதியிருந்தான். இவுக அதை அடிச்சுட்டு, இந்தப் பாழாப்போன வார்த்தையை எழுதிக் குடுத்தாக. படிக்கிறவன் நிமிந்து உக்காருவான்னு சொல்லி அனுப்பினாக. அவனும் மத்தியானம் என் கையால சோறு தின்னுட்டு, ரெண்டாம் வாட்டி குழம்பு கேட்டு ஊத்திக்கிட்டுப் போனான். கூச்சம் ஒண்ணையும் காணோம்.

— யாரும்மா அது?

— அதை இவுக வாயாலயே கேளு.

— சார், நீங்க சொல்லுங்க. யாரு அது?

— அவன் 'ஹிம்'னுதான் எழுதியிருந்தாம்மா. யாரோ ஆம்பளைன்னு நினைச்சேன். ஆண்டவர் சாட்சியா சொல்லுதேன், அவன் பொண்டாட்டியைப் பத்தின்னு எனக்குத் தெரியாது.

— பொய்.

— பொய் இல்லம்மா.

— பொய்! அவுகதான் என்னை டைப் படிக்க அனுப்பினாக. இன்டர்வியூவுக்கு சைக்கிள்ல பின்னால வச்சுக் கூட்டிட்டுப் போனாக. கடுதாசியைப் பத்திச் சொன்னதும் என் கூட சேந்து அழுதாக. நீ போக வேண்டாம், இந்த வேலையே நமக்கு வேண்டாம், வீட்டோட இரு, நான் காப்பாத்த மாட்டேனான்னு கையைப் பிடிச்சுக்கிட்டு... வீட்டோட இருன்னு...

— அழுதிருப்பான் ஏளா. அவன் கப்பலோரத்துல வெயில்ல காஞ்சு மூட்டை எண்ணுதான். நீ மேல மேனேஜர் ரூம்ல ஃபேனுக்குக் கீழ உக்காரப் போற. அவன் டாலிச் சீட்டு உன் மேசைக்குத்தான வரும்? அந்த வயித்தெரிச்சல்ல அழுகை வராதா?

— 'ஒண்ணும் அறியாத அப்பாவிப் புருஷன்.' அவுகளே அவுகளைப் பத்தி எழுதியிருக்காக பாருங்க.

— தண்ணி குடிம்மா.

— வேண்டாம் சார். நேத்து வெளையாட்டுக்குத்தான் கேட்டேன், 'நீங்க எழுதலையே'ன்னு. சிரிச்சுக்கிட்டுத்தான் கேட்டேன்.

— என்ன சொன்னான்?

— 'எனக்கு இந்த மாதிரி இங்கிலீஷ் வருமாட்டி? இந்த ஊர்ல இந்த வார்த்தை எபனேசர் சார் ஒருத்தருக்குத்தான் வரும்'னாக. எழுதலைன்னு சொல்லவே இல்ல சார். நான்தான் அப்பிடி நினைச்சுக்கிட்டேன். உடனே வந்து உங்களைக் கேக்கணும்னு ஒத்தக்கால்ல நின்னேன்.

— முப்பத்திரண்டு வருஷம் கத்தினேன். அவன் ஒருத்தன்தான் ஒழுங்காப் படிச்சிருக்கான்.

— அந்தா சைக்கிள் மணி அடிக்கான். உன்னைத்தான் கூப்பிடுதான் ஏளா.

— அடிக்கட்டும்.

— நான் உன் கூட வாரேம்மா. நாளைக்குக் காலையில மேனேஜர்கிட்ட நானே சொல்லுதேன், கிருபாநிதிதான் எழுதினான், வார்த்தை மட்டுந்தான் நான் குடுத்ததுன்னு. உன் வேலை எங்கயும் போகாது.

— வேலை போகாது சார். அவுக வேலை போயிரும். என் வீடு போயிரும். பிள்ளை அவுக அம்மா கையில இருக்கு. குலசேகரன்பட்டினத்துல எங்க அண்ணன், போன கிறிஸ்மஸுக்கு நான் ரெண்டு நாள் கூட இருந்ததுக்கே எப்ப பஸ்ஸுன்னு கேட்டவன். நான் எங்க போயி நிக்க?

— அதுக்காக இந்தப் பயலைச் சும்மா விட்டுருவியா?

— எங்கம்மா விடுதேன்? ஆயுசு பூரா கூடவே இருக்கப் போறேன்லா.

— நாளைக்குப் பத்து மணிக்கு மேனேஜர் கேப்பானே. என்ன சொல்லுவ?

— சார் சொல்லிக் குடுத்தபடிதான். எழுதினது யாருன்னு என் வாயால சொல்ல மாட்டேன். அந்த வரியைத் தொட்டுக் காட்டுவேன். 'இந்த வார்த்தை எபனேசர் சார் வார்த்தை, அவுக வாயாலயே ஒத்துக்கிட்டாக. ரெண்டாவது நின்ன பொண்ணு அவுக வீட்டம்மாவுக்குத் தங்கச்சி மக' அப்படிம்பேன். அதோட நிறுத்திக்கிடுவேன்.

— அடிப்பாவி! எல்லாம் தெரிஞ்ச பெறவுமா?

— எதுக்கும்மா ஏசுதீக? சார்கிட்டயே கேளுங்க, அதுல ஒரு சொல்லு பொய் இருக்கான்னு.