பக்கத்து இடம் காலி

தலைமை தாங்கி, தளரும்போதெல்லாம் எங்களையும் தாங்கும் ஞானபாக்கியம் அம்மா அவர்களே! வானவில் நண்பர்கள் சங்கத்தின் ஆண்டு விழாவுக்கு அஞ்சாமல் அரங்கம் தந்த பெரியவர் சேதுபதி அவர்களே! பெற்ற பிள்ளையை மறைக்காமல் கைப்பிடித்து அழைத்து வந்திருக்கும் தாய்மார்களே! ஆணை நேசிக்கும் ஆண்களே, பெண்ணை நேசிக்கும் பெண்களே, என் திருநங்கைச் சகோதரிகளே, திருநம்பித் தம்பிகளே! இராஜபாளையத்தில் பேண்டேஜ் துணி மடிக்கும் திருநங்கை ஹெப்சிபா உங்கள் எல்லோரையும் வணங்குகிறேன்.

வானவில் ஊர்வலம் என்றால் முன்வரிசையில் யார்? திருநங்கைகள் நாங்கள்! கொட்டுக்கு ஆடுவது யார்? நாங்கள்! கல் வந்தால் முதலில் யார் மேல் விழும்? அதுவும் நாங்கள்தான்! ஆணை நேசிக்கும் ஆண்களும் பெண்ணை நேசிக்கும் பெண்களும் பின்வரிசையில் முகமூடியோடு வருகிறீர்கள். குறை சொல்லவில்லை. உங்களுக்கு ஒளிய இடமிருக்கிறது. எங்களுக்கோ முகமே முகவரி.

போன மாதம் வேலை முடிந்து ஊர் திரும்பும்போது, இதே திருவில்லிபுத்தூரில் வத்திராயிருப்பு டவுன் பஸ் ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்தேன். பஸ் நிறைந்தது; என் பக்கத்து இடம் மட்டும் நிறையவில்லை. அப்போது ஏறினாள் நம் சங்கத்துத் தங்கை ஒருத்தி. இங்கே என் தோளில் சாய்ந்து, தன் காதலியைப் பற்றிக் கதை கதையாய்ச் சொல்பவள். காலியாய்க் கிடந்த இடத்தில் வைத்திருந்த பையை ஆசையாய் எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன். அவள் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

என்ன, யாரென்று திரும்பித் திரும்பிப் பார்க்கிறீர்கள்? வெட்டிப் போட்டாலும் பேர் சொல்ல மாட்டேன்!

"எடம் கெடக்கே, உக்காருத்தா" என்றார் கண்டக்டர்.

"இருக்கட்டும்ண்ணே, நின்னுக்கிடுதேன்."

கூட வந்த உறவுக்கார அம்மா கேட்டார்: "ஏட்டி, ஒன்னயே பாக்காவளே, தெரிஞ்சவியளா?"

"இல்லத்த, யாருன்னே தெரியாது."

கோபம் வந்ததா? வந்தது. ஆனால் அவளுக்கு வீட்டில் மாப்பிள்ளை பார்க்கிறார்கள். என்னருகே உட்கார்ந்தால் ஊர்க்கண் அவள் மேலும் விழும். என் பார்வையே அவளைக் காட்டிக்கொடுத்துவிடுமே என்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். ஊர் வரும்வரை அழுதேன்.

அரசு எனக்கு இலவச டிக்கெட் தந்தது. பஸ் எனக்கு இடம் தந்தது. பக்கத்தில் உட்கார ஆளை யார் தருவது? கொடி பிடிக்கும் பெருமை கேட்கவில்லை. மேடை கேட்கவில்லை, பொன்னாடை கேட்கவில்லை. "தள்ளி உக்காருக்கா" என்று உரிமையோடு இடிக்கும் ஒரு தோளுக்கு ஏங்குகிறேன், அம்மா, ஏங்குகிறேன்!

தங்கையே, நீ இந்த அரங்கில்தான் இருக்கிறாய். விழா முடிந்தால் நமக்கு அதே பஸ்தான். இன்றும் நீ நின்றால், நான் இன்றும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வேன்.

காது கொடுத்துக் கேட்ட எல்லோருக்கும் நன்றியும் வணக்கமும். பஸ்ஸுக்கு நேரமாகிறது, மேடையை விட்டு இறங்குகிறேன். பை என் மடியில்தான் இருக்கும், தங்கச்சி.