மூன்றாவது படி

நான் கோலா குடிப்பதில்லை. வயிறு ஒத்துக்கொள்ளாது. ஆனாலும் இந்தப் பதினோரு வருடத்தில் ஹாலிவுட்டில் என்னளவுக்குக் கோலா வாங்கியவர்கள் குறைவு. எல்லாம் தண்ணீர் கலந்து தரை துடைக்கத்தான். கேமராவுக்காகத் தரையில் மெழுகு தேய்த்துக் கண்ணாடி போல ஆக்கிவிடுவார்கள். தகடு அடித்த ஷூவோடு அதில் ஆடினால் வழுக்கும். கோலா துடைத்துக் காய்ந்தால் லேசாக ஒட்டும், கால் நிற்கும். இதைத் துப்புரவு ஆட்களிடம் விடமாட்டோம். ஆடுகிறவனுக்கு ஆடுகிறவன்தான் துடைக்கவேண்டும். அப்படித் துடைத்த தரையைக் காலால் தேய்த்துப் பார்ப்பது, துடைத்தவனை அவமதிப்பது போல. "துடைச்சாச்சு" என்ற சொல் போதும்.

என் பெயர் லாய்ட் பீச்சம். டான்ஸ் மாஸ்டர் கார்பெட்டின் உதவியாளன். அவர் பெயரில் வரும் நடனங்களில் பாதி நான் அமைத்தவை. படத்தில் கேட்கும் கதாநாயகர்களின் காலடிச் சத்தமும் பெரும்பாலும் என்னுடையதுதான். படப்பிடிப்பு முடிந்தபின் திரையைப் பார்த்தபடி ஒரு சின்ன அறையில் ஆடிப் பதிவு செய்வோம். என் முகம் எந்தப் படத்திலும் இல்லை. இதைக் குறையாகச் சொல்லவில்லை.

இந்த நகைச்சுவைப் படத்தில், ஹோட்டல் பணியாள் ஒருவன் தட்டுகளை ஏந்திக்கொண்டு மாடிப்படியில் ஆடி இறங்குவான். பதினான்கு படி, ஒரே ஷாட். பணியாளாக நான் ஆடலாம் என்று மாஸ்டர் வாக்குக் கொடுத்திருந்தார். நான்கு மாதம் ஒத்திகை பார்த்தேன். பிறகு நியூயார்க் நாடக மேடையிலிருந்து வெண்டெல் வந்தான். வயது இருபத்துநான்கு.

"உனக்கு நாப்பது தாண்டிடுச்சுய்யா. பொண்ணுங்க டிக்கெட் வாங்கணுமில்ல? அவனுக்குச் சொல்லிக் குடு," என்றார் மாஸ்டர்.

சொல்லிக் கொடுத்தேன்.

வெண்டெல் நல்லவன். தன் சாண்ட்விச்சில் பாதியை எனக்கு எடுத்துவைப்பான். என் முழங்கால் வீங்கியிருந்ததைக் கவனித்தவன் அந்தத் தளத்தில் அவன் ஒருவன்தான். ஆனால் மேலிருந்து மூன்றாவது படியில் வரும் சுழற்சி அவனுக்கு வரவேயில்லை. இரண்டு நாளில் நாற்பத்தொரு டேக். ஒவ்வொன்றுக்கும் முன்னால் நான் மண்டியிட்டுப் பதினான்கு படியையும் துடைத்தேன். ஒவ்வொன்றிலும் அவன் அதே இடத்தில் அரைத் தாளம் பிந்தினான். கேமராவுக்குப் பின்னால், இருட்டில் நின்ற என் கால் மட்டும் ஒவ்வொரு முறையும் சரியான இடத்தில் விழுந்தது.

அடுத்த டேக்குக்கு முன் மூன்றாவது படியைத் துடைக்காமல் விட்டுவிட்டேன் என்று, விபத்தை விசாரிக்க வந்த உங்களிடம் காலையில் சொன்னேன். அது உண்மை. ஆனால் மறந்துபோய் விடவில்லை. அந்தப் படியின் விளிம்பில் மட்டும் இன்னொரு முறை மெழுகு தேய்த்தேன். நன்றாகப் பளபளத்தது.

வெண்டெல் படியேறி வந்தான்.

"துடைச்சாச்சாண்ணே?"

"துடைச்சாச்சு."

"இந்தத் தடவை சொதப்ப மாட்டேன். அப்புறம் ஒண்ணு. ஆபீஸ்ல பேசிட்டேன். இது உங்க டான்ஸு, உங்க பேரு போடலேன்னா நான் ஆட மாட்டேன்னுட்டேன். போடுறாங்களாம்."

நான் நன்றி சொன்னேன். பாட்டு தொடங்குவதற்கு முன் எட்டு எண்ணுவார்கள். அதற்குள் ஒருவனை நிறுத்திவிட முடியும். நான் எட்டையும் அவர்களோடு சேர்ந்து எண்ணினேன்.

மூன்றாவது படியில் வழுக்கி விழுந்ததில் வெண்டெலின் இடுப்பெலும்பு உடைந்துவிட்டது. ஊன்றுகோலோடு நடப்பான், இனி ஆடமாட்டான் என்று டாக்டர் சொன்னார். நான்கு நாள் கழித்து அவனுடைய சட்டையைப் போட்டுக்கொண்டு, முகம் தெரியாதபடி, நான் ஆடினேன். முதல் டேக்கிலேயே முடிந்தது. அன்று படிகளை நானே துடைத்துக்கொண்டேன். மூன்றாவதை இரண்டு முறை.

ஞாயிற்றுக்கிழமைகளில் தேவாலயம் முடிந்து ஆரஞ்சுப் பழங்களோடு அவனைப் பார்க்கப் போகிறேன். போன வாரம் என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்க இருந்ததாலதான் படம் பொழச்சுதுண்ணே," என்றான். அழுதான். எனக்கும் கண் கலங்கியது.

நீங்கள் கேட்டதால் சொன்னேன். கையெழுத்தும் போடுகிறேன். வெண்டெலுக்கு மட்டும் தெரியவேண்டாம். தாங்கமாட்டான். அவனுக்கு ஒரு சின்னக் கஷ்டம் என்றாலும் என்னால் பார்க்க முடியாது.